அருவிக்கு அடுத்த ஊர்: கனடாவின் ஃபுட் வாக்கும் நம்ம கடையமும்

சீசன் டைம்ல குற்றாலம் போய்ட்டு வந்த யாரையாவது பிடிச்சு, "என்ன மக்கா பண்ணீங்க?"ன்னு கேட்டுப் பாருங்க. பதில் எப்பவும் ஒண்ணுதான். "போனோம், குளிச்சோம், பார்டர்ல பரோட்டா சாப்பிட்டோம், வந்தோம்." தென்காசிக்கும் அம்பாசமுத்திரத்துக்கும் நடுவில் இருக்கிற கடையத்தில் என்ன சாப்பிட்டீங்கன்னு யாரும் கேட்கிறதும் இல்லை, சொல்றதும் இல்லை. பஸ் ஜன்னல் வழியாப் பார்த்துட்டுப் போற ஊர் அது.

இதே மாதிரி ஒரு பெரிய அருவியும், பக்கத்தில் ஒரு சின்ன ஊரும் கனடாவிலும் இருக்கு. அந்தச் சின்ன ஊரில், ஆட்கள் காசு கொடுத்து, ஒரு வழிகாட்டி பின்னால் மூணு மணி நேரம் நடந்து, கடை கடையா நின்னு, கொஞ்சம் கொஞ்சமாச் சாப்பிட்டு, ஒயின் ருசி பார்த்துட்டுப் போறாங்க. இதைத்தான் 'ஃபுட் வாக்'னு சொல்றோம். அது எப்படி வேலை செய்யுது, அதுக்குப் பின்னால் என்ன இருக்கு, நம்ம பக்கம் அது சரிப்படுமா என்பதுதான் இந்தக் கட்டுரை.

ஃபுட் வாக்னா என்ன?

முதலில் அது என்ன இல்லைன்னு சொல்லிடறேன். அது பஃபே இல்லை. யூடியூப் ஃபுட் ரிவியூவும் இல்லை. வயிறு முட்டச் சாப்பிடுறதும் அதோட நோக்கம் இல்லை.

பொதுவா ஒரு ஃபுட் வாக்கில் பத்துப் பேர் சுமார் இருப்பாங்க. ரெண்டு, மூணு கிலோமீட்டர் நடை. ஐந்து முதல் ஏழு இடங்களில் நிற்பாங்க. ஒவ்வொரு இடத்திலும் ரெண்டு மூணு வாய் அளவுதான் கிடைக்கும். பணம் முன்னாடியே கட்டியாச்சு, அதனால் கடையில் பில் பிரச்சினை கிடையாது. வழிகாட்டி கடைக்காரர்களிடம் முன்கூட்டியே பேசி, நேரமும் அளவும் விலையும் முடிவு பண்ணி வச்சிருப்பார்.

இதில் வர்றவங்க உண்மையில் காசு கொடுக்கிறது சாப்பாட்டுக்கு இல்லை. அதே சாப்பாட்டை அவங்களே போய்க் குறைஞ்ச விலையில் வாங்கிக்கலாம். "இந்த ருசி ஏன் இந்த ஊரில் இருக்கு?" என்கிற கேள்விக்கான பதிலுக்குத்தான் காசு. மண், தண்ணீர், மழை, எல்லைக்கோடு, ஜாதி, கல்யாணம், சட்டம் எல்லாம் ஒரு வாய் சாப்பாட்டுக்குள் எப்படி வந்து உட்கார்ந்தது என்று சொல்லத் தெரிந்த ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் இல்லாவிட்டால் அது வெறும் கடைத்தெரு நடை.

தமிழ்நாட்டுக்கு இது புதுசும் இல்லை. சென்னையில் ஸ்டோரி டிரெயில்ஸ், மதுரையில் ஃபுடீஸ் டே அவுட் போன்றவங்க இப்படி நடத்திட்டு இருக்காங்க. தென்காசிப் பக்கம்தான் எல்லாச் சரக்கும் இருந்தும், எடுத்துச் சொல்ல ஆள் இல்லாமல் கிடக்குது.

நயாகராவில் நடந்தது

நயாகரா அருவி எல்லோருக்கும் தெரியும். அங்கிருந்து சுமார் 20 கிலோமீட்டர் தள்ளி, நயாகரா ஆறு ஒன்டாரியோ ஏரியில் கலக்கிற இடத்தில் நயாகரா-ஆன்-த-லேக் என்று ஒரு சின்ன ஊர் இருக்கு. இன்னைக்கு அது கனடாவின் பேர்பெற்ற ஒயின் ஊர்களில் ஒண்ணு.

எப்பவும் அப்படி இல்லை. ரொம்ப காலம் அந்தப் பகுதியில் விளைஞ்ச திராட்சை மலிவான, இனிப்பான ஒயினுக்குத்தான் போச்சு. அதுக்குப் பெரிய மரியாதை கிடையாது. 1975-இல் இன்னிஸ்கிலின் என்கிற நிறுவனத்துக்கு ஒயின் தயாரிக்க உரிமம் கிடைத்தது. 1929-க்கு அப்புறம் ஒன்டாரியோவில் கொடுக்கப்பட்ட முதல் புது ஒயினரி உரிமம் அது. சுமார் 45 வருஷ இடைவெளி!

அதைவிடப் பெரிய இடி 1988-இல் வந்தது. கனடாவும் அமெரிக்காவும் தடையற்ற வர்த்தக ஒப்பந்தம் போட்டாங்க. கலிபோர்னியா ஒயின் மலிவா உள்ளே வந்தால் நம்ம கதி என்னன்னு நயாகரா விவசாயிகள் பயந்தாங்க. விலையில் போட்டி போட முடியாது. அதனால் வேற வழியில் போனாங்க. பழைய ரகக் கொடிகளைப் பிடுங்கிட்டு நல்ல ரகங்களை நட்டாங்க. அதே 1988-இல் 'வி.க்யூ.ஏ.' என்று ஒரு தர முத்திரையை உருவாக்கினாங்க. பாட்டிலில் அந்த முத்திரை இருந்தால் உள்ளே இருக்கிறது முழுக்க ஒன்டாரியோவில் விளைந்த திராட்சை என்று அர்த்தம். எந்தப் பகுதி என்று போட்டிருந்தால் பெரும்பாலும் அந்தப் பகுதித் திராட்சைதான். 1999-இல் அதைச் சட்டமாகவே ஆக்கிட்டாங்க.

ஒயினில் ஊர்ப்பேர் ஒட்டிக்கிட்ட பிறகுதான் 'அந்த ஊருக்கே போய்ப் பார்ப்போம்' என்று ஆட்கள் வர ஆரம்பிச்சாங்க. நடை, வழிகாட்டி, ருசி பார்த்தல் எல்லாம் அதுக்கு மேல் கட்டினது.

அங்கே நிச்சயம் கொடுக்கிற ஒரு சரக்கு 'ஐஸ் ஒயின்'. திராட்சையைப் பறிக்காமல் கொடியிலேயே விட்டுடுவாங்க. குளிர்காலத்தில் வெப்பநிலை மைனஸ் 8 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போனதும், பெரும்பாலும் ராத்திரியில், உறைஞ்ச பழத்தைப் பறிச்சு அப்படியே பிழிவாங்க. பழத்தில் இருக்கிற தண்ணீர் ஐஸாக உள்ளேயே நின்னுடும். சர்க்கரை நிறைந்த கெட்டிச் சாறு மட்டும் சொட்டுச் சொட்டா வரும். நம்ம மொழியில் சொன்னால் இது ஒரு செபரேஷன் ப்ராசஸ். சாறு ரொம்பக் கொஞ்சம்தான் தேறும் என்பதால் விலையும் எகிறும். 1991-இல் பிரான்ஸில் நடந்த வின்எக்ஸ்போ கண்காட்சியில் இன்னிஸ்கிலின் ஐஸ் ஒயின் உயரிய பரிசு வாங்கியது. கொடியில் உறைஞ்சு போன பழம் நஷ்டம் இல்லை, சொத்து என்று உலகத்துக்குத் தெரிஞ்சது அப்பதான்.

மேப்பிளும் பனையும்

கனடாவின் இன்னொரு ருசி மேப்பிள் சிரப். கொடியில் இலையாவே வச்சிருக்காங்க இல்லையா, அந்த மரம்தான். குளிர்காலம் முடியும் நேரத்தில், ராத்திரி உறைஞ்சு பகலில் உருகுகிற நாட்களில், மரத்தில் துளை போட்டு நீரை வடிப்பாங்க. அந்த நீரில் சர்க்கரை சுமார் 2 சதவீதம்தான். அதனால் 40 லிட்டர் நீரைக் காய்ச்சினால் ஒரு லிட்டர் சிரப் கிடைக்கும்.

இப்ப நம்ம பனைக்கு வாங்க. பதநீரில் சர்க்கரை ஏறத்தாழ 10 முதல் 12 சதவீதம். 12 என்று வச்சுக்கிட்டால் ஒரு லிட்டருக்கு 120 கிராம். ஒரு கிலோ கருப்பட்டிக்கு எட்டு, எட்டரை லிட்டர் பதநீர் போதும். மரமே பாதி வேலையைச் செஞ்சு கொடுத்துடுது!

ஆனால் மீதி வேலை சாதாரணம் இல்லை. மேப்பிளுக்குத் தரையில் நின்னே துளை போடலாம். பனைக்கு ஏறணும், அதுவும் தினமும் காலையும் மாலையும். பனையேறி தளைநாரைக் காலில் மாட்டி ஏறி, பாளையைச் சீவி, கலயத்தைக் கட்டிட்டு இறங்கணும். ஒரு நாள் சீவாமல் விட்டால் பாளை அடைச்சுக்கும். கலயத்தின் உள்பக்கம் சுண்ணாம்பு தடவணும். இறக்கின பதநீரைத் தாச்சியில் ஊற்றிக் காய்ச்சுறது பெரும்பாலும் வீட்டுப் பெண்கள். பதம் பார்த்து இறக்கி, சிரட்டையில் ஊற்றினால் அதுதான் கருப்பட்டியோட அந்த அரைவட்ட வடிவம்.

கனடாக்காரர் குளிரைக்கொண்டு தண்ணீரைப் பிரிச்சு ஐஸ் ஒயின் எடுக்கிறார். நம்ம ஆள் நெருப்பைக்கொண்டு தண்ணீரைப் பிரிச்சுக் கருப்பட்டி எடுக்கிறார். ரெண்டும் ஒரே தத்துவம். வித்தியாசம் எங்கேன்னா, கியூபெக்கில் சிரப் காய்ச்சும் கொட்டகைக்கு வசந்தகாலத்தில் குடும்பம் குடும்பமாப் போறாங்க. அங்கேயே நீண்ட மேசை போட்டு பட்டாணி சூப், பீன்ஸ், பன்றி இறைச்சி, ஆம்லெட் எல்லாம் சிரப் ஊற்றிச் சாப்பிடுறாங்க. சுடுபாகைப் பனிக்கட்டி மேல் ஊற்றி குச்சியில் சுருட்டித் தின்னுறது பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். நம்ம கருப்பட்டி காய்ச்சுற விளையை நம்மில் எத்தனை பேர் பார்த்திருக்கோம்? பனை தமிழ்நாட்டின் மாநில மரம் என்று பொதுஅறிவுக் கேள்விக்கு மட்டும் பதில் தெரியும்.

ஸ்கார்பரோவில் ஒரு தமிழ்ப் பாடம்

ஒயினும் மேப்பிளும் இருக்கிற இடத்தில்தான் ஃபுட் வாக் நடக்கும்னு இல்லை. டொரண்டோவின் கிழக்கே ஸ்கார்பரோ. இலங்கைத் தமிழர்கள் நிறைய வாழுற இடம். சாலையோரக் கடை வரிசைகள், பெரிய பார்க்கிங், வெளியே இருந்து பார்த்தால் ஒரு அழகும் கிடையாது. உள்ளே போனால் கொத்து ரொட்டி தட்டுற சத்தம், இடியாப்பம், சொதி, சம்பல்.

சின்ன வயசில் இலங்கையிலிருந்து அங்கே போன சுரேஷ் டாஸ் என்கிற உணவு எழுத்தாளர் இந்தக் கடைகளைப் பற்றிச் சி.பி.சி. வானொலியில் பேசினார், பத்திரிகைகளில் எழுதினார், ஆட்களைக் கூட்டிக்கிட்டும் போய்க் காட்டினார். டவுன்டவுனில் இருந்து ஸ்கார்பரோவை எட்டிப் பார்க்காதவர்கள் வர ஆரம்பிச்சாங்க. கடை மாறலை, சமையல் மாறலை. எடுத்துச் சொல்ல ஒரு ஆள் வந்தார், அவ்வளவுதான்.

அங்கே இடியாப்பத்துக்கு ஊற்றுகிற சொதியும், நம்ம திருநெல்வேலிக் கல்யாண வீடுகளில் மறுவீட்டு விருந்துக்குத் தேங்காய்ப்பால் எடுத்து வைக்கிற சொதியும் பெயரில் ஒண்ணு, செய்முறையில் வேற. இலங்கைச் சொதி தண்ணியா, எளிமையா இருக்கும். நெல்லைச் சொதியில் பாசிப்பருப்பும் காய்கறியும் சேர்த்து, இஞ்சித் துவையலோடு அது ஒரு தனி விருந்து. ஒரு வழிகாட்டிக்கு இந்த ஒரு வார்த்தை போதும், அரைமணி நேரம் பேசலாம்.

நம்ம பக்கம் என்ன இருக்கு?

தென்காசி தனி மாவட்டம் ஆனது 2019 நவம்பரில். ஆனால் இந்தப் பகுதியோட ருசிக்கு வயசு அதிகம். மேற்குத் தொடர்ச்சி மலையில் செங்கோட்டைப் பக்கம் இருக்கிற கணவாய் வழியா தென்மேற்குப் பருவக்காற்று உள்ளே நுழையுது. அதனால்தான் தமிழ்நாட்டின் மற்ற ஊர்கள் வேகும்போது ஜூன், ஜூலையில் இங்கே சாரல். அதே கணவாய் வழியாத்தான் கொல்லம் ரயிலும் வந்தது, மலையாளச் சமையலும் வந்தது. அவியலும் தேங்காய் எண்ணெய் வாசமும் இங்கே அந்நியம் இல்லை.

*பிரானூர் பார்டர்.* இன்னைக்குக் கேரள எல்லை புளியரைக்கு அந்தப் பக்கம். அப்படின்னா செங்கோட்டைக்குக் கிழக்கே இருக்கிற பிரானூருக்கு எப்படி 'பார்டர்'னு பேர் வந்தது? செங்கோட்டை 1956 நவம்பர் 1 வரைக்கும் திருவிதாங்கூரோடு இருந்த ஊர். மொழிவழி மாநிலப் பிரிவினையில்தான் இந்தப் பக்கம் சேர்ந்தது. பழைய எல்லை பிரானூர்ப் பக்கம் இருந்தது. எல்லை போய்ப் பல வருஷம் ஆச்சு, பேர் மட்டும் பரோட்டாவில் ஒட்டிக்கிட்டு இருக்கு. சால்னாவில் ஊறிய பரோட்டாவோடு பெப்பர் சிக்கனும் காடையும் தின்னுட்டு வர்ற நூறு பேரில் எத்தனை பேருக்கு, தாங்க 1956-க்கு முந்தின ஒரு வரைபடத்தின் மேல் உட்கார்ந்து சாப்பிட்டோம் என்று தெரியும்?

*குற்றாலம் பழக்கடைகள்.* மங்குஸ்தான், ரம்புட்டான், துரியன். இதெல்லாம் மலேசியா, இந்தோனேசியாப் பக்கத்துப் பழங்கள். ஈரமும் நிழலும் வேண்டிய மரங்கள். கிழக்கிந்தியக் கம்பெனி காலத்திலேயே குற்றால மலையில் கிராம்பு, ஜாதிக்காய் எல்லாம் நட்டுப் பார்த்தாங்க. இன்னைக்கும் பழத்தோட்ட அருவிப் பக்கம் தோட்டக்கலைத் துறைப் பண்ணை இருக்கு. சீசன் கடைகளில் விற்கிற பழம் எல்லாம் குற்றாலத்துப் பழம் கிடையாது, கேரளாவில் இருந்தும் வருது. அதைக் கேட்டு வாங்கத் தெரியணும். துரியனைப் பிள்ளைப்பேறுக்கு நல்லது என்று நம்பி வாங்கிட்டுப் போறவங்களும் உண்டு.

*பாவூர்சத்திரம்.* காய்கறிச் சந்தைக்குப் பேர்போன ஊர். விடிகாலையில் சின்ன வெங்காயமும் கத்தரிக்காயும் முருங்கையும் வந்து இறங்கி, லாரி ஏறிக் கேரளா போறதைப் பார்த்தால் ஓணச் சாப்பாடு எங்கே தொடங்குதுன்னு புரியும்.

இது எல்லாம் வண்டியில் சுற்ற வேண்டிய இடங்கள். நடந்து பார்க்க ஏத்த ஊர் கடையம்தான்.

கடையத்தில் ஒரு நடை

கடையத்தைத் தமிழ் படிச்சவங்களுக்கு ஒரு காரணத்தால் தெரியும். பாரதியாரின் மனைவி செல்லம்மாள் பிறந்த ஊர். 1918 கடைசியில் கடலூர்ச் சிறையில் இருந்து விடுதலையாகி வந்த பாரதி, சென்னைக்குத் திரும்பும் வரை, சுமார் ரெண்டு வருஷம் இங்கேதான் இருந்தார். நித்திய கல்யாணி அம்மன், வில்வவனநாதர் கோயில் இருக்கு. மேற்கே மலை. ராமநதி அணை, கடனா நதி அணை ரெண்டும் பக்கம். கடனா நதி கீழே போய்த் திருப்புடைமருதூரில் தாமிரபரணியோடு சேருது. ஒரு பக்கம் வயலும் தென்னையும் எலுமிச்சையும், கொஞ்சம் தள்ளினால் பனை. திருநெல்வேலி–செங்கோட்டை ரயிலில் ஏறி கீழக்கடையம் ஸ்டேஷனில் இறங்கினால் நடையை அங்கேயே தொடங்கலாம்.

நாங்க காகிதத்தில் போட்ட ஒரு திட்டம் இது. நடந்து பார்த்துத் திருத்தணும்.

1. *ஸ்டேஷன் பக்கம், காலை ஆறரை.* கருப்பட்டிக் காபி. சர்க்கரைக் காபியையும் பக்கத்தில் வச்சு ரெண்டையும் ருசி பார்க்கச் சொல்லணும். வித்தியாசத்தைச் சொல்ல வார்த்தை தேடுறதுதான் முதல் பாடம்.

2. *பனை அடி.* வெயில் ஏறும் முன்னால் போயிடணும். ஓலைப்பட்டையில் பதநீர், கிடைச்சால் நுங்கு. மரத்தில் இருந்து இறங்கினவர் கையாலேயே வாங்கிக் குடிக்கிறது. அவர் பேசினால்தான் கதை, நம்ம ஆள் மொழிபெயர்க்க வேண்டியது இல்லை.

3. *காய்ச்சுற இடம்.* தாச்சி, விறகு, சிரட்டை. பதம் எப்படிப் பார்க்கிறாங்கன்னு கேட்கணும். தெர்மாமீட்டர் இல்லாமல் கண்ணும் கையும் வச்சுச் சொல்றதை நம்ம லேப் ரெக்கார்டோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

4. *கடைத்தெரு.* ஆமவடை, சுக்குக் கருப்பட்டி, எலுமிச்சை ஊறுகாய். எதுவும் அரைக்கைக்கு மேல் வேண்டாம்.

5. *ஒரு வீட்டுத் திண்ணை.* இதுதான் முக்கியமான இடம். உளுந்தஞ்சோறும் எள்ளுத் துவையலும், இல்லாட்டி கூட்டாஞ்சோறு. கருப்பட்டியும் நல்லெண்ணெயும் விட்ட உளுந்தங்களி ஒரு உருண்டை.

அஞ்சாவது இடத்தை ஏன் முக்கியம்னு சொல்றேன்? திருநெல்வேலிச் சமையல்னு நாம பெருமை பேசுறதில் பாதி எந்த ஹோட்டல் மெனுவிலும் கிடையாது. கறுப்பு உளுந்துத் தொலியோடு வேகிற சோறு வீட்டில்தான் உண்டு. வயசுக்கு வந்த பிள்ளைக்கு இடுப்புக்கு வலுன்னு களி கிண்டிக் கொடுக்கிறதும் வீட்டில்தான். ஹோட்டலுக்கு வராத சமையல், அடுத்த தலைமுறை வீட்டில் செய்யாமல் விட்டால் சத்தமில்லாமல் போயிடும். யாரோ காசு கொடுத்துக் கேட்டுச் சாப்பிட வர்றாங்க என்றால், செய்யத் தெரிஞ்ச பெரியம்மாவுக்கு வருமானம். பக்கத்தில் நிற்கிற பேத்திக்கு, 'ஓ, இதுக்கு மதிப்பு இருக்கா?' என்று ஒரு எண்ணம். மகளிர் சுயஉதவிக் குழு ஒண்ணு சேர்ந்தாலே இதை எடுத்து நடத்தலாம்.

எப்ப போறது? பதநீர் கோடைக்கால சரக்கு, சாரலும் குற்றாலப் பழமும் ஜூனுக்கு மேல். ரெண்டும் கொஞ்சம் ஒட்டி வர்றது ஜூன் தொடக்கம். செமஸ்டர் முடிஞ்சு நமக்கும் லீவு.

அப்ப ஒயினுக்குப் பதில்?

கேட்பீங்கன்னு தெரியும். கனடா வாக்கில் ஒயின் இருக்கு, இங்கே என்ன?

பனை நீரை சுண்ணாம்பு தடவின கலயத்தில் பிடிச்சால் பதநீர். சுண்ணாம்பு இல்லாத கலயத்தில் பிடிச்சால் கள். வித்தியாசம் இவ்வளவுதான். சுண்ணாம்பு காரத்தன்மையைக் கூட்டுது, அதாவது பி.எச். அளவு ஏறுது. அதில் ஈஸ்ட் வேலை செய்ய முடியாது. சர்க்கரை சர்க்கரையாவே நிற்கும். சுண்ணாம்பு இல்லை என்றால் சில மணி நேரத்திலேயே புளிக்க ஆரம்பிச்சு ஆல்கஹால் ஆயிடும்.

தமிழ்நாட்டில் 1987-இல் இருந்து கள் இறக்கத் தடை. புளியரை தாண்டிக் கேரளாவுக்குள் போனால் உரிமம் வாங்கின கள்ளுக்கடைகள் உண்டு. அங்கே கள்ளுக்கடைச் சாப்பாட்டுக்குன்னே ஆள் தேடிப் போறாங்க. ஒரே மலை, ஒரே காற்று, நடுவில் ஒரு செக்போஸ்ட். தடையை நீக்கணும் என்று கேட்கிற பனை விவசாயிகளும் இருக்காங்க, குடும்பம் கெடும், கலப்படம் வரும் என்று எதிர்க்கிறவங்களும் இருக்காங்க. ரெண்டு பக்கமும் நியாயம் பேசலாம். ஆனால் நம்ம வாக்கில் சட்டப்படி கொடுக்கக்கூடியது பதநீர்தான். அதில் குறை ஒண்ணும் இல்லை. மதியத்துக்குள் குடிச்சாகணும், வேற ஊருக்குக் கொண்டுபோக முடியாது, பாட்டிலில் அடைச்சால் ருசி மாறிடும். ஊருக்கு வந்துதான் குடிக்க முடியும் என்கிற பானம், ஃபுட் வாக்குக்கு இதைவிட என்ன வேணும்?

பேர் யாருக்குச் சொந்தம்?

நயாகராக்காரங்க முத்திரையைச் சட்டமாக்கின அதே 1999-இல்தான் நம்ம நாட்டிலும் புவிசார் குறியீட்டுச் சட்டம் நிறைவேறியது. 2003-இல் நடைமுறைக்கு வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா 2019-இலும், கோவில்பட்டி கடலைமிட்டாய் 2020-இலும் அந்தக் குறியீட்டை வாங்கின. உடன்குடி கருப்பட்டிக்கும் உண்டு.

ஆனா குறியீடு ஒரு காகிதம். அதை வாங்குறவன் மதிச்சால்தான் காசு. கருப்பட்டியில் சீனி கலந்து விற்கிறது ஊரறிஞ்ச ரகசியம். அசலுக்கும் கலப்படத்துக்கும் வித்தியாசம் தெரியாதவன் விலை குறைஞ்சதைத்தான் எடுப்பான். அப்ப அசல் காய்ச்சுறவர் தோற்பார், அடுத்த வருஷம் மரம் ஏற மாட்டார். மகனையும் ஏறவிட மாட்டார். ஏறாத பனை செங்கல் சூளைக்கு விறகா போன கதை நிறைய உண்டு. 2021-க்குப் பிறகு பனையை வெட்டக் கலெக்டர் அனுமதி வேணும் என்று அரசு சொன்னதுக்குக் காரணமும் இதுதான். சட்டம் மரத்தைக் காப்பாற்றலாம், ஏறுகிற ஆளை அது காப்பாற்றாது. அசல் ருசி நாக்கில் பதிஞ்ச வாடிக்கையாளர்தான் காப்பாற்ற முடியும். ஃபுட் வாக் செய்யக்கூடிய பெரிய வேலை இதுதான்: ஒரு தடவைக்குப் பத்து நாக்குக்குப் பாடம் எடுக்கிறது.

ஒரு சின்னக் கணக்கு

எடுத்துக்காட்டுக்கு, பத்துப் பேர், ஆளுக்கு 400 ரூபாய். மொத்தம் 4000.

- ஐந்து இடங்களுக்கும் சேர்த்து ஆளுக்கு 220 ரூபாய்: 2200
- வழிகாட்டிக்கு: 1000
- தண்ணீர், ஆட்டோ, மற்ற செலவு: 300
- கையிருப்பு: 500

பெரிய லாபம் ஒண்ணும் இல்லை. ஆனால் பாதிக்கு மேல் ஊர்க்காரங்க கைக்கு நேராப் போகுது. இதுபோக, நடை முடிஞ்சு ஒவ்வொருத்தரும் ஒரு கிலோ கருப்பட்டி வாங்கினால் அது தனி வியாபாரம். இதில் பேரம் பேசக்கூடாது என்பதை முதலிலேயே சொல்லிடணும். மரம் ஏறினவர்கிட்ட பத்து ரூபாய் குறைச்சுக் கேட்கிறதுக்கு நடை தேவையில்லை.

செய்யறதா இருந்தா கவனிக்க வேண்டியது

- முதலில் கேளுங்க, அப்புறம் போங்க. பனையேறுகிறவர் வேலை செய்யற நேரம் அது. அவருக்குச் சௌகரியமான நேரம்தான் நம்ம நேரம்.
- போட்டோவுக்கு அனுமதி கேளுங்க. வீட்டுத் திண்ணை ஸ்டுடியோ இல்லை. ரீலுக்காக இன்னொரு தடவை மரம் ஏறச் சொல்றது பாவம்.
- பத்துப் பேருக்கு மேல் வேண்டாம். இருபது பேர் போனால் சின்ன ஊர் தாங்காது.
- பிளாஸ்டிக் கப் வேண்டாம். ஓலைப்பட்டை இருக்க வேற என்ன?
- யாருக்கு என்ன ஒத்துக்காதுன்னு முன்கூட்டியே கேட்டுக்கோங்க. சர்க்கரை நோய் உள்ளவங்க பதநீரையும் கருப்பட்டியையும் 'இயற்கைதானே'ன்னு அளவில்லாமல் எடுக்கக்கூடாது. அதுவும் சர்க்கரைதான்.
- தெரியாததைக் கதையாக அடிச்சு விடாதீங்க. 'ஆயிரம் வருஷப் பாரம்பரியம்' என்று சொல்றதைவிட 'பாட்டிகிட்ட கேட்போம்'னு சொல்றது மேல்.

நம்ம காலேஜில் தென்காசி, ஆலங்குளம், அம்பை, கடையம் பக்கத்துப் பிள்ளைகள் ஒவ்வொரு பேட்ச்சிலும் இருக்காங்க. வழிகாட்டிக்கு வெளியே தேடவே வேண்டாம். ஊர்க்காரப் பையனோ பிள்ளையோ, ரெண்டு ஞாயிற்றுக்கிழமை வீட்டுப் பெரியவங்ககிட்ட உட்கார்ந்து கேட்டு, ஒரு நோட்டில் எழுதினால் பாதி வேலை முடிஞ்சது. யார்கிட்ட பதநீர் கிடைக்கும், எந்த வீட்டில் உளுந்தஞ்சோறு நல்லா இருக்கும், எந்த மாசம் எது வரும் என்று ஒரு பட்டியல் போடுங்க. மேப்பில் புள்ளி வைக்கிறதும், புக்கிங் ஃபார்ம் செய்யறதும் நமக்குப் பெரிய விஷயமா?

அடுத்த சீசனுக்குக் குற்றாலம் போறவங்க, திரும்பும்போது அம்பாசமுத்திரம் ரோட்டைப் பிடிங்க. காலை நேரமா இருந்தால் கடையம் பக்கம் பதநீர்ப் பானையோ ஓலைப்பட்டையோ கண்ணில் பட்டால் வண்டியை நிறுத்துங்க. குடிச்சுட்டு, "எந்த மரம் அண்ணாச்சி?"ன்னு ஒரு கேள்வி கேளுங்க. அவர் கை காட்டுகிற பக்கம் பாருங்க.